ஒட்டகம் நின்றுதான் குடிக்கும்

நிகாந்தர் மூப்பர் பத்து ஒட்டகங்களையும் மண்டியிட வைத்து, ரெபெக்காளின் கையால் அவை தண்ணீரும் குடிக்கத் தொடங்கிய அந்தப் புனிதமான நொடியில்... யாரோ சிரித்தார்கள்.

சின்னச் சிரிப்புத்தான். அடக்கப் பார்த்து, முடியாமல், மூக்கு வழியாகத் தப்பித்து வந்த சிரிப்பு. செசரியா சபையில் மூப்பர் வேதம் விளக்கும்போது தூங்கலாம், கொட்டாவி விடலாம், பின்னால் நின்று மீன் விலை பேசலாம். சிரித்தவர் மட்டும் இதுவரை எவரும் இல்லை.

பெண்கள் பக்கத்துத் தூணை ஒட்டி, மடியில் மெழுகுப் பலகையோடு அப்பாவின் பிரசங்கத்தைச் சுருக்கெழுத்தில் எடுத்துக்கொண்டிருந்த ரோதாவின் எழுத்தாணி நின்றது. நிமிர்ந்து பார்த்தாள்.

கதவோரம்... மழையில் நனைந்த ஒரு பழுப்புப் போர்வை. அதற்கு மேல் இரண்டு கண்கள். கை வாயைப் பொத்தியிருந்ததால், மொத்தச் சிரிப்பையும் அந்தக் கண்களே சுமக்க வேண்டியிருந்தது. அவை அவளைப் பார்த்தன... பார்த்ததும் சிரிப்பை மறந்தன.

'என்ன திமிர்!' என்று நினைத்தாள் ரோதா. 'எவ்வளவு பெரிய கண்கள்!' என்று அவள் நினைக்கவில்லை. அது தானாகவே வந்து உட்கார்ந்துகொண்டது.

நிகாந்தருக்கு நாலடி தள்ளினால் உலகம் பனிமூட்டம். அதனால் சிரித்தது யார் என்று தெரியவில்லை. "இருமல் உள்ள சகோதரர் வெளியே போய் இருமலாம்" என்று பெருந்தன்மையோடு சொல்லிவிட்டு, விட்ட இடத்தைப் பிடித்தார்.

"ஆகவே அன்பர்களே! ஆபிரகாமின் வேலைக்காரன் ஈசாக்குக்குப் பெண் தேடிப் போகிறான். கிணற்றடியில் நிற்கிறான். 'நான் தண்ணீர் கேட்கும்போது, நீரும் குடியும், உம் ஒட்டகங்களுக்கும் வார்ப்பேன் என்று எவள் சொல்கிறாளோ அவளே பெண்' என்று வேண்டுகிறான். இது வெறும் தண்ணீரா? வெறும் ஒட்டகமா? இல்லை! கிணறு என்பது வேதம். ஒட்டகம் என்பது வேதமறியாத, வளைந்து நெளிந்த புறஜாதி. மண்டியிடாமல் ஒட்டகத்தால் குடிக்க முடியுமா? முடியாது! மண்டியிடாத ஆன்மாவுக்கு வேதத்தில் ஒரு சொட்டும் கிடையாது!"

கூட்டம் கைதட்டியது. நல்ல வரி. அது நல்ல வரி என்று ரோதாவுக்குத் தெரியும். எழுதியவளே அவள்தான்.

எபிரேயர்களின் பழைய ஏடுகளில் எந்தப் பக்கத்தைத் திறந்தாலும் கிறிஸ்துவைக் கண்டுபிடிப்பது நிகாந்தரின் தொழில். மரம் வந்தால் சிலுவை. தண்ணீர் வந்தால் ஞானஸ்நானம். சிவப்பு வந்தால் இரத்தம். நோவாவின் பேழை, மோசேயின் கோல், ஈசாக்கு சுமந்த விறகு என்று ஒரு தச்சுப்பட்டறைக்குப் போதுமான மரத்தை அவர் மோசேயின் ஏடுகளிலிருந்தே இறக்கியிருந்தார். அடுத்த தெரு எபிரேயர்கள், தங்கள் கதைக்குள் தங்களுக்கே தெரியாமல் இவ்வளவு இருக்கிறதா என்று வியந்தபடி மீன் வாங்கப் போவார்கள்.

சில இடங்களில் மட்டும் அவருக்கே ஒன்றும் தோன்றாது. அப்போது, 'ஒட்டகம்... இங்கே ஏதாவது' என்று கிறுக்கி மகளின் மேஜையில் வைத்துவிடுவார். அவள் ஏதாவது வைப்பாள். சபையில் சொல்லும்போது அது தன் உள்ளத்தில் பிறந்தது என்றே நம்பிச் சொல்வார். விசுவாசத்துக்குக் குறைவில்லாத மனிதர்.

பிரசங்கம் முடிந்து அவள் தெருவுக்கு வந்தபோது, கடலிலிருந்து கிளம்பிய மழை ஊரை ஒரு பிடி பிடித்துக்கொண்டிருந்தது. பலகையை மேலாடைக்குள் ஒளித்துக்கொண்டு தூண் வரிசைக்கு ஓடினாள். அத்திப்பழக் கூடைகளுக்குப் பக்கத்தில் ஒதுங்கினாள்.

"கொஞ்சம் உள்ள தள்ளி நில்லுங்க. தூவானம் அடிக்குது."

திரும்பினாள். பழுப்புப் போர்வை. அந்தக் கண்கள்...

"சபையில சிரிச்சது நீங்கதானே?"

"இருமினேன்."

"பொய்."

"சரி, சிரிச்சேன். என்னங்க பண்றது? ஒட்டகம் மண்டி போட்டுத் தண்ணி குடிக்குதாம்!"

"அதுல என்ன சிரிப்பு? வேலைக்காரன் ஒட்டகத்தையெல்லாம் கிணத்தடியில மண்டி போட வெச்சான்னு வேதத்துலயே இருக்கே."

"வெச்சான். இளைப்பாற வெச்சான். குடிக்கணும்னா அது எழுந்து நிக்கும். நின்னு, கழுத்தை இறக்கி... இப்படி..." அவன் கழுத்தை நீட்டி, உதட்டைக் குவித்து, ஒரு முழு ஒட்டகமாகவே மாறிக் காட்டினான். அத்திப்பழக்காரி கெக்கலித்தாள். ரோதா உதட்டைக் கடித்துக்கொண்டாள். சிரித்துவிடக் கூடாது. சிரித்தால் தோற்றாள்.

"எங்க மாமா பல்மீரா பாதையில ஒட்டகம் ஓட்டறவர். நான் அதுங்களோட வளர்ந்தவன்."

"பார்த்தாலே தெரியுது."

அவன் அதைப் பாராட்டாகவே எடுத்துக்கொண்டான். "அந்த வரியை எவனோ வீட்டை விட்டு வெளிய வராதவன் எழுதியிருக்கான். பல்லு போன கிழவனாத்தான் இருப்பான்."

ரோதாவுக்கு எல்லாப் பல்லும் இருந்தது. எல்லாவற்றையும் ஒருசேரக் கடித்தாள்.

"உங்களுக்கு எந்த ஊரு?"

"அந்தியோகியா."

"அதானே பார்த்தேன்! ஒட்டகம்னா ஒட்டகம், கல்லுன்னா கல்லு. தோலைத் தின்னுட்டுப் பழம் நல்லா இருந்துதுன்னு சொல்ற ஊராச்சே!"

"உங்க ஊர்ல கல்லுன்னா கிறிஸ்து, கட்டைன்னா சிலுவை. சரிங்க... இப்போ பெய்யுதே மழை, இதுக்கு என்ன அர்த்தம்? அதையும் சொல்லிடுங்க."

"நனைஞ்சா தெரியும்" என்று சொல்லிவிட்டு அவள் மழைக்குள் இறங்கி நடந்தாள்.

"ஏங்க... பேரையாவது..."

அவள் திரும்பவில்லை. ஆனால் வீடு போய்ச் சேரும்வரை, ஒட்டகம் மாதிரி நீண்ட அந்தக் கழுத்தை நினைத்து நினைத்து... சீ! ஒரு மனிதன் இப்படியா சிரிக்க வைப்பான்?

*

மறுநாள் காலை அவன் அவள் வீட்டு வாசலில் நின்றான்.

தேடி வந்ததல்ல. அந்தியோகியா சபை சபையில் வேதம் படிக்கும் தன் வாசகன் ஸீனோனை, மோசேயின் ஏடுகளுக்குச் செசரியாவில் எழுதிய விளக்கங்களைப் படி எடுத்து வரும்படி அனுப்பியிருந்தது. அந்த ஏடுகள் இருந்தது நிகாந்தரின் வீட்டுக் கூடத்தில்.

"வருக, வருக!" என்றார் நிகாந்தர். வீட்டிலும் அவருக்கு மேடைப் பேச்சுத்தான். "இவள் என் மகள் ரோதா. என் கருத்துகளுக்கு இவளே கை. நேற்று சபையில் இருந்தாயா தம்பி? அந்த ஒட்டகப் பகுதியைக் கேட்டாயா?"

ஸீனோனின் முகம் சுண்ணாம்பாக வெளுத்தது. "கேட்டேன் ஐயா. மறக்கவே முடியலை."

"எல்லோரும் அதையேதான் சொல்கிறார்கள்" என்று மகிழ்ந்து உள்ளே போனார்.

கூடத்தில் இருவர் மட்டும். ரோதா நாணல் பேனாவைச் சீவியபடி சொன்னாள்: "அந்தப் பல்லு போன கிழவன் நான்தான்."

"ஐயோ... நீங்களா எழுதினீங்க? நான்... வந்து..."

"மன்னிப்பெல்லாம் வேண்டாம். மை தீர்ந்தா கேளுங்க. மத்தபடி நமக்குள்ள பேச்சில்லை."

அந்தியோகியாக்காரர்கள் இவ்வளவு மை செலவழிப்பார்கள் என்று அவள் எதிர்பார்க்கவில்லை. காலையில் தீர்ந்தது. சாப்பாட்டுக்கு முன் தீர்ந்தது. சாப்பிட்டுக் கை கழுவுவதற்குள் மறுபடி தீர்ந்தது. கேட்க வருகிறவன் சும்மா வருவதில்லை. ஒரு சண்டையோடு வருவான்.

"போர் முடியறவரைக்கும் மோசே கையை விரிச்சுக்கிட்டு நின்னானே, அதைச் சிலுவைன்னு எழுதியிருக்கீங்க."

"ஆமா. அதுக்கென்ன?"

"கை எவ்வளவு வலிச்சிருக்கும்? ரெண்டு பேர் ரெண்டு பக்கமும் தாங்கிப் பிடிக்க வேண்டியதாப் போச்சு. அதை ஒரு வரி எழுதக்கூடாதா? பாவம் மனுஷன்."

ரோதா அந்தப் பக்கத்தைத் தேடி எடுத்தாள். வலி... இத்தனை நாள் அந்தக் கைகளை வரைபடம் மாதிரிப் பார்த்தாளே தவிர, வலிக்கும் என்று நினைத்ததில்லை. அன்று அந்தப் பக்கத்தின் ஓரத்தில், 'கை வலித்தது' என்று சின்னதாக எழுதினாள்.

மறுநாள் அவள் முறை. "நீங்க சொல்ற மாதிரி நடந்தது நடந்ததுன்னு மட்டும் படிச்சா, என்னைக்கோ செத்துப்போன ஒட்டகத்தைப் பத்தி இன்னைக்கு நான் எதுக்குப் படிக்கணும்? அந்தக் கிணத்துல எனக்கும் கொஞ்சம் தண்ணி இருக்குன்னு தோணறதாலதானே?"

அவன் அவளை நிமிர்ந்து பார்த்தான். அந்தக் கண்களில் சிரிப்பு இல்லை. வேறு ஏதோ இருந்தது...

பகலுணவின்போது நிகாந்தர் பருப்புக் கூழைக் கரண்டியால் கிளறியபடி, "சிவந்த கூழ்! ஏசா இதற்காகத் தன் தலைப்பிள்ளை உரிமையை விற்றான். இந்தச் சிவப்பு எதைக் குறிக்கிறது?" என்பார்.

"அடிப்பிடிச்சதைக் குறிக்குது அண்ணா" என்பாள் அவர் தங்கை ப்ரீஸ்கா. அடுப்பும் வாயும் அத்தையின் பொறுப்பு. இரண்டுமே எளிதில் அணையாதவை.

ஸீனோன் தலையைக் குனிந்துகொண்டு சிரிப்பான். எதிரே ரோதாவும். இரண்டு குனிந்த தலைகளும் ஒரே நேரத்தில் நிமிரும்போது... அத்தை மட்டும் அதைக் கவனித்து, இருவருக்கும் இன்னொரு கரண்டி கூழ் ஊற்றுவாள்.

ஒரு நாள் பிற்பகல். வெளியே தூறல். ஸீனோன் வந்து நின்றான்.

"மை இருக்கா?"

"உட்காருங்க. ஒண்ணு கேக்கணும். ஒரு வார்த்தைக்கு ஒரே அர்த்தந்தானே உங்க ஊர்ல?"

"ஒரே அர்த்தந்தான்."

"அப்போ 'மை இருக்கா'ன்னா?"

"மை வேணும்னு அர்த்தம்."

ரோதா எழுந்து போய் அவன் மேஜையிலிருந்த மைக்கூட்டைக் கொண்டுவந்து அவன் முன்னே வைத்தாள். விளிம்புவரை மை. தவிர, அவன் படி எடுக்க வேண்டிய ஏடுகள் எப்போதோ முடிந்து, கட்டி வைக்கப்பட்டிருந்ததையும் அவள் பார்த்திருந்தாள்.

ஸீனோனின் முகம் காதுவரை சிவந்தது.

"சிவப்பு வந்தா..." என்று ஆரம்பித்தாள் ரோதா.

"இரத்தந்தான். ஏறிடுச்சு" என்றான் அவன் பரிதாபமாக.

அவள் சிரித்துவிட்டாள். மழைநாளில் அடக்கி வைத்த சிரிப்பும் சேர்ந்து வந்தது. தோற்றால் தோற்கட்டும்...

*

ஸீனோன் சுற்றி வளைக்கத் தெரியாதவன். மறுநாளே நிகாந்தரிடம் போய், "ஐயா, உங்க மகளை எனக்குக் கட்டிக் குடுங்க" என்று கேட்டான். நிகாந்தர் தாடியைத் தடவினார். மகள் அந்தியோகியாவுக்குப் போனால், அவள் பெட்டியிலேயே தன் விளக்கங்களும் போகும். தோலைத் தின்னும் ஊருக்குப் பழத்தின் ருசி தெரியும். "யோசிக்கத் தக்கதே" என்றார். அவர் அகராதியில் அதற்குச் சம்மதம் என்று பொருள்.

அன்று சாப்பாட்டில் அத்தை தேன் ஊற்றிய பேரீச்சை வைத்தாள். மகிழ்ச்சியில் வாயையும் திறந்தாள்.

"தம்பி சிரிச்சா எவ்வளவு நல்லா இருக்கு! அன்னைக்குச் சபையில சிரிச்சப்பவே நான் பார்த்துட்டேன்..."

நிகாந்தரின் கையிலிருந்த பேரீச்சை பாதி வழியில் நின்றது.

"சபையில்... சிரித்தது... நீயா?"

"ஆமா ஐயா" என்றான் ஸீனோன். பொய்யைக் காப்பாற்றவும் அவனுக்குத் தெரியாது.

நிகாந்தர் பேரீச்சையை வைத்துவிட்டு எழுந்தார். "வரும் ஞாயிறு சபையின் நடுவில் நின்று, 'ஒட்டகம் மண்டியிட்டே குடிக்கும், நான் அறிவிலி' என்று நீ சொல்ல வேண்டும். சொன்னால் பெண். இல்லையேல் நாளைக் காலை உன் ஊர் வணிகர்களின் ஒட்டகச் சாத்து புறப்படுகிறது. அதோடு போய்விடு."

"அறிவிலின்னு சொல்லிடறேன் ஐயா. உண்மைதான். ஆனா ஒட்டகம்... அது மண்டி போட்டுக் குடிக்காதே. நான் எப்படி..."

"ஒரு ஒட்டகத்துக்காக என் மகளை இழக்கிறாய்!"

"நீங்களும் ஒரு ஒட்டகத்துக்காகத்தான் அனுப்பறீங்க."

ரோதா இருவரையும் மாறி மாறிப் பார்த்தாள். பற்றிக்கொண்டு வந்தது. "ரெண்டு பேரும் ஒட்டகத்தைப் பத்தியே பேசுங்க! என்னை யாராவது ஒரு வார்த்தை கேட்டீங்களா? அப்பா, அந்த வரி என்னுது. எழுதினது நான்."

"எழுதியது நீதான் அம்மா. தோன்றியது எனக்கு."

வாதாடிப் பயனில்லை. ஸீனோன் மூட்டை கட்டினான். போகும்போது மைக்கூட்டை அவள் மேஜையில் திருப்பி வைத்தான். அவன் ஊரில் ஒரு வார்த்தைக்கு ஒரே அர்த்தம். அந்த ஒன்றையும் அவன் சொல்லாமல் போனான்.

ரோதா அந்த வரியையே வெறித்தபடி உட்கார்ந்திருந்தாள். 'மண்டியிடாத ஆன்மாவுக்கு ஒரு சொட்டும் கிடையாது.' கைதட்டல் வாங்கிய வரி. அழகான வரி. ஆனால்... உண்மையா? அவள் பார்த்ததே இல்லையே! 'நான் பெருமைக்காக இதைப் பிடிச்சிட்டு உட்கார்ந்திருக்கேனா? அவன் போயிட்டான்னா, இந்த வரியையா கட்டிக்கிட்டு வாழப்போறேன்?'

விடிந்ததும் மேலாடையை எடுத்தாள். "அப்பா, கிழக்கு வாசல் கிணத்துக்குப் போறேன். சாத்து கிளம்பறதுக்கு முன்னாடி ஒட்டகத்துக்குத் தண்ணி காட்டுவாங்க. நான் எழுதினது சரியா தப்பான்னு என் கண்ணால பார்க்கணும்."

"ஒரு மூப்பரின் மகள், ஒட்டகம் பார்க்கத் தெருவில் நடப்பதா?"

"அப்போ மூப்பரும் கூட வரலாம்" என்றாள் அத்தை, செருப்பை மாட்டிக்கொண்டே.

*

மழை ஓய்ந்து வானம் கழுவி வைத்ததுபோல் இருந்தது. கிணற்றடியில் தொட்டியைச் சுற்றி ஒட்டகங்கள். கண்ணில் பட்டவை எல்லாமே நின்றுகொண்டு, கழுத்தை இறக்கி, உறிஞ்சிக்கொண்டிருந்தன. அன்று தூண் வரிசையில் அவன் காட்டியது போலவே... அச்சு அசலாக அதே உதடு! ரோதாவுக்கு அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தன.

மூட்டைகளுக்கு நடுவிலிருந்து ஸீனோன் எழுந்தான். அவளைப் பார்த்தான். கையிலிருந்த கயிறு நழுவியது.

"எங்கே? எனக்கு ஒன்றும் தெரியவில்லையே" என்று நிகாந்தர் தொட்டியை நோக்கி மிடுக்காக முன்னேறினார். நாலடிக்குள் போனால்தான் அவருக்கு உலகம். போனார். குடித்து முடித்த ஒட்டகம் ஒன்று தலையை உதறி, ஒரு தும்மல் போட்டது. மூப்பரின் வெள்ளைப் போர்வை, தாடி, நெற்றி எல்லாம் நனைந்தன.

"தண்ணி வந்தா ஞானஸ்நானந்தானே அண்ணா?" என்று அத்தை முந்தானையால் துடைத்துவிட்டாள்.

நிகாந்தர் முகத்தில் நீர் வழிய நின்றார். அந்த ஒட்டகம் நின்றுகொண்டிருந்தது என்பது இப்போது அவருக்கும் சந்தேகத்துக்கு இடமில்லாமல் தெரிந்திருந்தது. தோள்கள் தொய்ந்தன. மேடை இல்லாத இடத்தில் அவர் திடீரென்று சின்ன மனிதராகத் தெரிந்தார்.

ஸீனோன் ஜெயித்துவிட்டான். இப்போது சிரிக்கலாம். ரோதா அவனைப் பார்த்தாள். அவன் சிரிக்கவில்லை. அவன் கண்கள் தொட்டியின் கடைசியில் எதையோ பார்த்தன. அங்கே ஒரு கிழட்டு ஒட்டகம் தரையில் மடங்கி உட்கார்ந்து, முகவாயைத் தொட்டியின் விளிம்பில் வைத்து, ஆற அமரக் குடித்துக்கொண்டிருந்தது. நிகாந்தருக்கு அது தெரிய வழியே இல்லை. சொல்லாமல் விட்டால் யாருக்கும் தெரியாது.

"ஐயா" என்றான் ஸீனோன். "அதோ கடைசியில ஒண்ணு, மண்டி போட்டுத்தான் குடிக்குது. நான் அன்னைக்குச் சிரிச்சது தப்பு."

"அதுக்கு முட்டி போயிடுச்சுங்க. எழுந்து நிக்க மாட்டாம குடிக்குது" என்றான் ஒட்டகக்காரன்.

ஒட்டகக்காரன் சொன்னதை நிகாந்தர் காதில் வாங்கவே இல்லை. "ஒன்று மண்டியிடுகிறதா?" குரலில் மேடை மெல்லத் திரும்பி வந்தது. "பலர் நிற்க, ஒன்று மட்டும்... ஆகா! விசுவாசத்தில் எஞ்சிய சிலர் என்று தீர்க்கதரிசிகள் சொன்னது இதைத்தானே! ப்ரீஸ்கா, அதன் அருகே என்னைக் கூட்டிப் போ." இரண்டடி போய்த் திரும்பினார். "தம்பி, அன்று சபையில் உனக்கு இருமல்தானே?"

"ஆமா ஐயா. கடுமையான இருமல்."

"குளிர்காலம். உடம்பைப் பார்த்துக்கொள். ஞாயிறு சபைக்கு வா" என்றார். அவர் அகராதியில் அதற்கு என்ன பொருள் என்று வீட்டில் எல்லோருக்கும் தெரியும்.

ரோதா மேலாடைக்குள்ளிருந்து மெழுகுப் பலகையை எடுத்தாள். எழுத்தாணியின் தட்டை முனையால் அந்த அழகான வரியைத் தேய்த்து அழித்தாள். எழுதினாள்: 'சில மண்டியிட்டுக் குடிக்கும். பல நின்று குடிக்கும். கிணறு யாரையும் விரட்டுவதில்லை.'

அவன் பக்கத்தில் வந்து படித்தான். "இது கைதட்டல் வாங்காதே."

"வாங்காட்டி போகுது. நீங்க ஏன் சொன்னீங்க? பேசாம இருந்திருந்தா ஜெயிச்சிருப்பீங்களே."

"கண்ணால பார்த்துட்டேனே. அப்புறம் எப்படி இல்லைனு சொல்றது?" அவன் தயங்கினான். பெரிய கண்கள் தரையைப் பார்த்தன, கிணற்றைப் பார்த்தன, கடைசியில் அவளைப் பார்த்தன. "ரோதா... எனக்குத் தாகமா இருக்கு. உன் கையால கொஞ்சம் தண்ணி தருவியா?"

ஆபிரகாமின் வேலைக்காரன் கேட்ட அதே கேள்வி. இதற்கு எவள் என்ன பதில் சொன்னால் என்ன ஆகும் என்று, எழுத்து எழுத்தாகப் படி எடுத்தவள் அவள்...

"இதுக்கு ஒரே அர்த்தமா?" குரல் அவளுக்கே கேட்கவில்லை.

"இல்ல. ரெண்டு."

"அந்தியோகியாக்காரர் வாயில ரெண்டா! முதல் அர்த்தம் என்ன?"

"தாகம்."

"ரெண்டாவது?"

"அதுவும் தாகந்தான். மழையில உன்னைப் பார்த்த அன்னையிலேர்ந்து."

ரோதா வாளியை இறக்கினாள். இறைத்தாள். பக்கத்திலிருந்த குடத்தில் ஊற்றி எடுத்து வந்தாள். கன்னம் சிவந்திருந்தது. அந்தச் சிவப்புக்கு விளக்கவுரை தேவைப்படவில்லை.

"குடிங்க" என்றாள். பிறகு, ஒவ்வொரு வார்த்தையாக, எல்லா அர்த்தங்களோடும்: "உங்க ஒட்டகங்களுக்கும்... நான் இறைச்சு ஊத்தறேன்."

அவன் நெடியவன். அவள் சாய்த்த குடம் தாழ்வாக இருந்தது. ஈரத் தரை என்றும் பாராமல் மண்டியிட்டு, இரு கைகளையும் குவித்துக் குடித்தான்.

தொட்டியின் மறுகோடியிலிருந்து நிகாந்தர் கண்ணைச் சுருக்கிப் பார்த்தார். "ப்ரீஸ்கா! அங்கே இன்னொன்று மண்டியிட்டுக் குடிக்கிறது போலிருக்கிறதே?"

"ஆமா அண்ணா" என்றாள் அத்தை. "ஒட்டகந்தான். அந்தியோகியா ஒட்டகம்."